தணிகாசலத்தின் இரட்டைப்படை ஏடுகள்

செவ்வாய்க்கிழமை காலை, உறுவையாற்றிலிருந்து கரும்பு ஏற்றி வந்த வண்டிக்காரர் என் வீட்டு வாசலில் மாட்டை நிறுத்தினார். "உங்க ஏட்டு வூட்டுல ஒருத்தரு செத்துப் பூட்டாராம். உங்ககிட்ட சொல்லச் சொன்னாங்க" என்றார். யார் என்று கேட்டேன். "பேரு இன்னாமோ சொன்னாங்கபா, வழியில மறந்துபோச்சி" என்று தலையைச் சொறிந்தார். தணிகாசலமா என்றேன். "அந்தப் பேர்ல யாரு இருக்காங்க?" என்று திருப்பிக் கேட்டார். பத்து வருடமாகத் தணிகாசலத்தின் கரும்பை ஏற்றிப் போனவர் அவர்.

ஏட்டு வீட்டை வெளியார் மந்திரப் பள்ளிக்கூடம் என்பார்கள். அதன் வாசலைக் கடக்கும்போது குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள். உள்ளே பன்னிரண்டு பேர் படித்தோம். மந்திரம் செய்வதற்காக அல்ல, யாரும் செய்துவிடாமல் காப்பதற்காக. ஒரு சுவடிக்கு இரண்டு பேர். ஒற்றைப்படை ஏடுகள் ஒருவருக்கு, இரட்டைப்படை ஏடுகள் மற்றவருக்கு. அமாவாசைப் பகலில் எதிரெதிரே உட்கார்ந்து, காதில் மெழுகுப் பஞ்சை அடைத்துக்கொண்டு, அவரவர் பாதியை உரக்கச் சொல்லிப் பார்ப்போம். முழுச் சுவடியும் ஒரே மனத்தில் சேரக்கூடாது. அதுதான் அங்கே முதல் பாடம், கடைசிப் பாடமும் அதுதான்.

எனக்கும் தணிகாசலத்துக்கும் வாய்த்தது மறப்புச் சுவடி. அது முழுவதும் ஒருவன் மனத்தில் ஓடும்போது அவன் யாரை நினைக்கிறானோ, அந்த ஆளை ஊர் உலகம் மறந்துவிடும். சுவடி ஓடிய மனத்துக்கு மட்டும் மறக்காது. இதை அறிந்தும் தணிகாசலம் சிரித்துக்கொண்டேதான் வருவார். என்னை 'பங்காளி' என்று கூப்பிடுவார். "சொத்தைப் பிரிச்சிக்கினவன் பங்காளின்னா, ஏட்டைப் பிரிச்சிக்கினவன் இன்னாவாம்?" என்பார். ஆனால் ஏட்டைக் கையில் எடுக்குமுன் என் இரண்டு காதையும் விரலால் அழுத்திப் பார்ப்பார். இருபது வருடத்தில் ஒருநாள்கூட அதை விட்டதில்லை. சின்னப் பிள்ளையா நான் என்று எரிந்து விழுந்திருக்கிறேன். அவர் பாட்டுக்கு அழுத்திக்கொண்டிருப்பார்.

ஒருமுறை கரையாம்புத்தூரிலிருந்து ஒரு பெண் வந்தாள். மகனைப் பாம்புக்கடிக்குப் பறிகொடுத்தவள். அவன் நினைப்பு சோறு இறங்கவிடவில்லை, அதை எடுத்துவிடுங்கள் என்று தரையில் விழுந்து அழுதாள். எனக்கு மனம் இளகிவிட்டது. தணிகாசலம் இளகவில்லை. "உன் நெனப்போட நிக்காதும்மா. ஊரே மறந்துடும். அப்புறம் அந்தப் புள்ள எங்கதான் இருப்பான்?" என்றார். அவள் மண்ணை வாரித் தூற்றிவிட்டுப் போனாள். அன்று முழுவதும் அவர் சாப்பிடவில்லை. கல் நெஞ்சுக்காரர் என்று அவரைச் சொன்னேன், அதற்காக இன்று வெட்கப்படுகிறேன்.

சாகக் கிடப்பவரின் பக்கத்தில் அவருடைய பங்காளி போகக்கூடாது. ஜன்னி கண்டால் வாய் தன்னால் ஏட்டைச் சொல்லும் என்பதற்காக வைத்த கட்டு அது. நான் போகவில்லை என்று இங்கே எழுதிவிடலாம். அது பொய். தணிகாசலம் சாகக் கிடந்த அந்தத் திங்கட்கிழமை உச்சிவேளையில், அவர் மனைவி அலமேலு கிணற்றடிக்குப் போயிருந்த நேரத்தில் போனேன். இருபது வருடம் எதிரே உட்கார்ந்த ஆளைக் கடைசியாக ஒருமுறை பார்க்காமல் இருக்க என்னால் முடியவில்லை.

என் காதில் பஞ்சு இருந்தது. என்னைக் கண்டதும் அவர் கை தட்டுத்தடுமாறி என் காதுக்குத்தான் வந்தது. அழுத்திப் பார்த்தார். பிறகு கண் சொருகியது, உதடு அசைந்தது. தண்ணீர் கேட்கிறார் என்று நினைத்தேன். ஒரு காதுப் பஞ்சை எடுத்துவிட்டுக் குனிந்தேன்.

தண்ணீர் கேட்கவில்லை. இரண்டாம் ஏடு. பிறகு நான்காம் ஏடு. எழுந்து ஓடியிருக்க வேண்டும். அவர் என் கையைப் பிடித்திருந்தார், உதற மனம் வரவில்லை. என்னுடைய ஏடுகள் தாமாக எழுந்து அவருடைய ஏடுகளுக்கு நடுவில் ஒவ்வொன்றாய்ப் போய் உட்கார்ந்தன. அந்த நேரத்தில் நான் வேறு யாரை நினைத்திருப்பேன்? எதிரே கிடந்த மனிதரைத்தான் நினைத்தேன்.

சாவைப் பதிய அலமேலுவை வில்லியனூரில் பிரெஞ்சு சர்க்காரின் கொம்யூன் ஆபீசுக்கு அழைத்துப் போனேன். இறந்தவர் பெயர் என்ன என்று குமாஸ்தா கேட்டார். அவள் தலை குனிந்து நின்றாள். புருஷன் பெயரைச் சொல்லக் கூச்சப்படுகிறாள் என்று அவர் புன்னகைத்து என் பக்கம் திரும்பினார். நான் சொன்னேன். பிரெஞ்சில் எழுதிக்கொண்டே பாதியில் நிறுத்தி, பெயரை மறுபடி கேட்டார். மறுபடியும் சொன்னேன்.

திரும்பும் வழியில் அலமேலு, "அண்ணே, கூச்சப்பட்டு நிக்கல. எனக்குப் பேரு வரல" என்றாள். "வூட்டுல ஒரு ஆம்பளை வேட்டி காயுது. யாருதுன்னு தெரியல. ஆனா அழுகை மட்டும் வருது." நான் என் குற்றத்தைச் சொல்லிவிட வாய் திறந்தேன். சொல்லவில்லை. அவ்வளவு கோழை நான்.

ஏட்டு வீட்டு நண்பர்களே, யாரைப் பற்றி இவன் எழுதுகிறான் என்று விழிப்பீர்கள். உங்களோடு இருபது வருடம் ஒரே பந்தியில் சாப்பிட்டவரைப் பற்றி. சுவடி மனத்தில்தான் கை வைக்கும், எழுத்தை அது தொடாது. அதனால்தான் எழுதி வைக்கிறேன், கிழித்துவிடாதீர்கள். முழுச் சுவடியும் இப்போது என்னிடம் இருக்கிறது. அது எப்போது ஓடத் தொடங்கும் என்று எனக்கே தெரியவில்லை. உங்கள் முகங்களை நினைக்கவே பயமாக இருக்கிறது. நான் படுக்கையில் விழுந்தால் ஒருவரும் பக்கத்தில் வராதீர்கள். தாகமாக இருந்தாலும் இருந்துவிட்டுப் போகிறேன்.

இறந்தவரைப் பற்றி எழுதுபவன், அவரிடமிருந்து தான் வைத்துக்கொண்டது என்ன என்றும் எழுத வேண்டும் அல்லவா? எல்லாவற்றையும் வைத்துக்கொண்டேன். சிரிப்பு, கோபம், காதை அழுத்தும் அந்த விரல், ஒன்றுகூட அவர் வீட்டாருக்கு மிச்சமில்லை. பதினாறாம் நாள் படையலுக்கு இலை போட்டுவிட்டு அலமேலு என் பக்கத்தில் வந்து, மற்றவர் காதில் விழாமல் கேட்டாள்:

"அண்ணே, நல்லவராண்ணே அவரு?"