கண்ணாடிப் பெட்டிக்குள் ஹாஜரா பீவியின் உம்மா

குற்றாலத்தில் ஐந்தருவிக்குப் போகிற சாலையில் வல்லிநாயகம் ஒரு நூலகம் கட்டியிருக்கிறார். அங்கே கண்ணாடிப் பெட்டிக்குள் இருக்கும் முந்நூறு வருஷத்து மருத்துவ நூல் மருத்துவ நூலே இல்லை என்று தென்காசியில் ஒரு பேச்சு. வீட்டுச் சண்டையை எழுதிவைத்த நோட்டாம். முந்நூறு வருஷமும் இல்லையாம், அறுபதாம். நம்பத்தான் கஷ்டமாக இருக்கிறது. பெட்டிக்குக் கீழே பித்தளைத் தகட்டில் அல்லவா எழுதியிருக்கிறது? பித்தளையில் யாராவது பொய்யை வெட்டுவார்களா? சரி, பார்த்துவிடலாம் என்று போனால் பெட்டியில் பூட்டு தொங்குகிறது. நோட்டைப் புரட்ட வழியில்லாததால் வல்லிநாயகத்தைத்தான் புரட்ட வேண்டியிருக்கிறது.

இருபத்திரண்டு வருஷம் அவர் ஷேர் புரோக்கர். உரக்கடை மாடியில் ஆபீஸ். வடகரைக்காரர்கள் துபாய் வெயிலில் காய்ந்து அனுப்பிய பணமும், ஓய்வுபெற்ற போலீஸ்காரர்களின் பணமும் அந்தப் படியில் ஏறின. ஏறியதெல்லாம் இறங்கி வரவில்லை. ஆனால் வாங்கினாலும் விற்றாலும் அவருக்குக் கமிஷன் உண்டு. யாராவது அழுதுகொண்டு வந்தால், "மார்க்கெட்டு என் பேச்சக் கேக்குமா அண்ணாச்சி?" என்று அவரும் கூடச் சேர்ந்து வருத்தப்படுவார். அதற்கு மட்டும் கமிஷன் வாங்கியதில்லை.

செல்போனிலேயே பங்கு வாங்கலாம் என்று ஆனதும் மாடிக்கு ஆள் வரவில்லை. வல்லிநாயகம் பதிப்பாளர் ஆனார். அச்சுக்கூலியை எழுதியவரே கொடுத்துவிட வேண்டும் என்பது அவருடைய இலக்கியக் கொள்கை. முதல் வெளியீடு ஓர் இன்ஸ்பெக்டரின் தன்வரலாறு. அவரிடம் அடி வாங்கிய அத்தனை பேரும் அதில் திருந்தி, கடைசி அத்தியாயத்தில் வரிசையாக வந்து நன்றி சொல்கிறார்கள்.

அடுத்தது அரிய நூல் சேகரிப்பு. பழைய வீடுகளுக்குப் போவார். புத்தகம் இருக்கிற பக்கமே திரும்ப மாட்டார். ஓட்டை அண்டாவுக்கு ஒரு மணி நேரம் விலை பேசுவார். எழுந்திருக்கும்போது, "அந்தப் பழைய தாளையும் சேத்துப் போடுங்க" என்பார். ஆசைப்பட்டதை அலட்சியமாகப் பார்ப்பது சந்தையில் படித்த பாடம்.

மூன்று வருஷத்துக்கு முன் அப்படித்தான் வடகரையில் ஹாஜரா பீவி வீட்டுக்குப் போனார். கையால் தைத்த தடித்த நோட்டு ஒன்று கிடைத்தது. தமிழ்தான், ஆனால் அரபி எழுத்தில். அந்தக் காலத்தில் குர்ஆன் ஓதிய பெண்களுக்குத் தெரிந்த எழுத்து அதுதான். தங்கள் தமிழையும் அதிலேயே எழுதிக்கொண்டார்கள். நடுப்பக்கத்தில் இலையும் கொடியுமாக ஒரு படம். மூலிகை! வல்லிநாயகத்துக்கு உள்ளங்கை அரித்தது.

ஹாஜரா பீவிக்கு எழுபது தாண்டிவிட்டது. இரண்டு கண்ணிலும் புரை. "எங்க உம்மா எழுதுனது தம்பி. இருந்த வரைக்கும் தொட விடல. இப்பம் தொடலாம், கண்ணு தெரியல."

"எவ்வளவு வேணும்க்கா? தந்துருதேன்."

"காசு என்னத்துக்கு? எனக்கு ஒரே ஒரு சங்கதி தெரியணும். என்னய அஞ்சாங்கிளாசோட நிப்பாட்டுனது வாப்பாவா, உம்மாவா? உம்மாதான் வேண்டாம்னான்னு வாப்பா சொல்லிட்டாரு. உம்மா வாயே திறக்கல. அந்தக் கோவத்துல நான் அவகிட்ட முகங்கொடுத்துப் பேசாமலே அவ மௌத்தாயிட்டா. அதுல எழுதியிருப்பா. யாரையாவது விட்டுப் படிச்சு, அந்த ஒண்ண மட்டும் சொல்லிருங்க."

"பத்து நாள்ல சொல்லுதேன்க்கா."

கம்பெனி என்ன செய்கிறது என்றே தெரியாமல் பங்கை வாங்கச் சொன்னவர், புத்தகத்தைப் படித்துவிட்டா அறிவிப்பார்? மறு வாரமே பத்திரிகையில் படம். அப்புறம் பெட்டி, தகடு, பொன்னாடை. எல்லாம் முடிந்த பிறகுதான் படிக்க ஆள் தேடினார். தென்காசியில் அரபி சொல்லிக்கொடுக்கும் அலிமா டீச்சர் வந்து, இரண்டு பக்கம் படித்துவிட்டுச் சிரித்தார்.

"சார், இது மருந்து இல்ல, மாமியாச் சண்டை. 'இன்னைக்கும் மாமி எரியுத அடுப்புல தண்ணிய ஊத்திட்டா'ன்னு இருக்கு."

"அந்த மூலிகைப் படம்?"

"மருதாணி டிசைன் சார்."

இன்னும் சில பக்கம் போனதும் டீச்சரின் சிரிப்பு நின்றது. "இதைக் கேளுங்க. 'புள்ள படிக்கட்டும்னு அவரு கால்ல விழுந்தேன். மிதிச்சாரு. ஹாஜராகிட்ட நாந்தான் வேண்டாம்னேன்னு சொல்லிட்டாரு. இனி நான் சொன்னா நம்புவாளா?' யாரு சார் இந்த ஹாஜரா?"

"யாருக்குத் தெரியும்? பழைய பேப்பர் கடையில வாங்குனது."

அடுத்த மாதம் டீச்சர் கணவரோடு ஷார்ஜா போய்விட்டார். போகுமுன் நாலு பேரிடம் மருதாணிக் கதையைச் சொல்லிச் சிரித்திருக்கிறார். ஆக, ஊர்ப்பேச்சு உண்மை. பித்தளைதான் பொய்.

ஹாஜரா பீவியிடம் சொல்ல வேண்டியது ஒரே ஒரு வார்த்தை. சொன்னால், அது எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று கேட்பார். மருத்துவ நூலுக்குள் ஐந்தாம் வகுப்பு எப்படி வந்தது என்று ஊரே கேட்கும். அந்த வார்த்தைக்கு விலை ஜாஸ்தி என்று வல்லிநாயகத்துக்குப் பட்டது. அதற்குப் பதிலாகக் கொடுக்க ஆரம்பித்தார். நோன்புக்கு அரிசி மூட்டை, பேத்தி ஹஃப்சாவுக்குக் கல்லூரிக் கட்டணம், ஒழுகுகிற ஓட்டுக்குப் புதுத் தகரம். ஒவ்வொரு தடவையும் அந்த அம்மா, "இதெல்லாம் நான் கேட்டனா தம்பி?" என்றார். கேட்டது வேறு என்பது வல்லிநாயகத்துக்கும் தெரியும். ஒரு வீட்டுக்கு மட்டும் கொடுத்தால் சந்தேகம் வருமே என்று ஊருக்கும் கொடுத்தார். வள்ளல் என்ற பட்டம் அந்த வழியில்தான் வந்தது.

வள்ளல் என்றால் இலவசக் கண் சிகிச்சை முகாம் நடத்தாமல் முடியுமா? நடத்தினார். வடகரைக்கு வேன் போனது. வேனில் யார் யார் ஏறினார்கள் என்று அவர் பார்க்கவில்லை.

ஆனியில் சாரல் பிடித்து, குளித்துவிட்டு ஈரத்துண்டோடு வந்த கூட்டம் பெட்டியைச் சுற்றி நின்ற ஒரு காலையில், கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு ஹாஜரா பீவி வந்தார்.

"கண்ணு வந்துட்டு தம்பி. உங்க புண்ணியம். இனி உங்களுக்குச் சிரமம் வேண்டாம், பெட்டியத் திறங்க. ஓதுன கண்ணுதானே, நானே படிச்சுக்கிடுதேன்."

வல்லிநாயகம் பெட்டிக்கு முன்னால் வந்து நின்றுகொண்டார். "காத்துப் பட்டா உதுந்துரும்க்கா. மெட்ராஸ்ல இருந்து ஆபீசர் வந்துதான் திறக்கணும்."

"எங்க உம்மா நோட்டத் திறக்க மெட்ராஸ்காரன் வரணுமாக்கும்!"

கூட்டத்தில் ஒருவர், "என்ன சொல்லுதாங்க?" என்று கேட்டார்.

"வயசாயிட்டு, பாவம். என்னமோ பேசுதாங்க" என்றார் வல்லிநாயகம்.

ஹாஜரா பீவி அவரைப் பார்த்தார். மூன்று வருஷத்தில் அவர் முகத்தை அந்த அம்மா பார்ப்பது அதுதான் முதல் தடவை. "வயசாயிட்டுதான். அதனாலதான் கேக்கேன். எனக்கும் நேரம் இல்ல. நீங்களாவது சொல்லுங்க. உம்மாவா, வாப்பாவா?"

"அடுத்த மாசம் சொல்லுதேன்க்கா."

அந்த அடுத்த மாசமும் போய்விட்டது. வல்லிநாயகம் ஆய்க்குடியில் ஒரு பள்ளிக்கூடத்துக்கு நூறு பெஞ்சு வாங்கிக் கொடுத்திருக்கிறார். 'வாப்பா' என்கிற ஒரு வார்த்தை மட்டும் இன்னும் பாக்கி நிற்கிறது.