மாமா சாகாத படம்

என் தாய்மாமாவுக்குச் சாவதுதான் தொழில். ஐம்பதுகளில் வந்த படங்களில் கதாநாயகனின் விசுவாசமான நண்பனோ ஏழைத் தகப்பனோ பாதியில் உயிர்விட வேண்டுமென்றால், சென்னையிலிருந்து தென்காசிக்குத் தந்தி வரும். கத்திக்குத்து, காசநோய், விஷம் எதையும் மாமா முகம் சுளிக்காமல் செய்து முடிப்பார். கண் செருகுவதற்கு முன் உதட்டோரம் ஒரு சிரிப்பு சிரிப்பார். அதற்காகவே அவரைக் கூப்பிட்டார்கள்.

சங்கடமெல்லாம் எங்களுக்குத்தான். சொந்தத்தில் சாவைப் பார்த்தவர்கள் தலைமுழுகாமல் வீட்டுக்குள் நுழையக்கூடாது என்பது விதி. திரையில் செத்தால் விலக்கு உண்டு என்று எங்கும் சொல்லவில்லையே என்பது மாமாவின் மனைவியான அத்தையின் வாதம். பின்னாளில் நானும் சர்க்கார் ஆபீசில் விதிகளை வைத்தே பிழைத்தவன். அந்த வாதத்தில் இன்றுவரை ஓட்டை எதுவும் அகப்படவில்லை. ஆகவே சினிமாக் கொட்டகையிலிருந்து வந்ததும் புறவாசல் வழியாகக் கிணற்றடிக்குப் போய், மாமாவுக்காக வரிசையாகத் தலைமுழுகுவோம். மாமா உள்ளே சாப்பிட்டுக்கொண்டிருப்பார்.

பலசரக்குக்கடை அண்ணாச்சி என்னைக் கண்டாலே கேட்பார்: "ஏலே, ஒங்க மாமா இந்தப் படத்துல எப்பம் சாவுதாரு? இடைவேளைக்கு முன்னயா, பொறவா?"

பெரிய வேடம் ஒன்று குற்றாலத்திலேயே வாய்த்தது. சாரல் காலத்தில் படப்பிடிப்பு. கதாநாயகனுக்கு வந்த குண்டை மார்பில் வாங்கி, அருவிக்கரையில் அவன் மடியில் படுத்துப் பக்கம் பக்கமாக வசனம் பேசிச் சாக வேண்டும். அத்தைக்கு அப்போது நிறைமாதம்.

"ஏட்டி, சாவுதது என் பொழப்பு. இது மட்டும் நல்லா அமைஞ்சிட்டுன்னா பொறவு நம்மள விடமாட்டாவ" என்றார் மாமா.

"வயித்துல புள்ளைய வச்சிக்கிட்டு நான் சாவுத் துட்டிக்குத் தலமுழுகணுமாக்கும்? இந்த ஒரு படத்துல உசுரோட இருங்க, போதும்" என்றாள் அத்தை.

மறுநாள் வில்வண்டி பூட்டச் சொல்லி அத்தையே குற்றாலம் போனாள். நானும் வண்டியில் தொற்றிக்கொண்டேன். டைரக்டர் முன்னால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்று, "அண்ணாச்சி, இவுகளக் கொன்னுராதீக" என்றாள்.

டைரக்டரும் பிள்ளைகுட்டிக்காரர். மாமாவைப் பார்த்தார். மாமா அருவியையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, மெல்லத் தலையசைத்தார். உடனடியாக இடமாற்றம் நடந்தது: கதாநாயகனுக்குக் குடை பிடிக்கும் வேடத்துக்கு வந்த இன்னொரு நடிகரின் மார்புக்குக் குண்டு போயிற்று, குடை மாமாவுக்கு வந்தது.

படம் தென்காசிக்கு வந்தபோது அத்தையின் மடியில் பெண்குழந்தை. அதற்குள் அந்த நடிகருக்கு அடுத்தடுத்துப் படங்கள் வந்துவிட்டன. மாமாவுக்குத் தந்தி வந்து மாதக்கணக்காகியிருந்தது. அந்த நடிகர் செத்தபோது கொட்டகையே அழுதது. கடைசிக் காட்சியிலும் மாமா குடையோடு உயிரோடு நின்றார். எங்கள் வரிசை மட்டும் கைதட்டியது.

முதல்முறையாக முன்வாசல் வழியாக நுழைந்து நேரே இலைமுன் உட்கார்ந்தோம். அன்றைக்கு எங்களோடு படம் பார்க்க வந்திருந்த மாமாவைக் காணோம். கிணற்றடியில் வாளி மோதும் சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தேன். கட்டிய வேட்டியோடு நின்று, வாளி வாளியாகத் தலையில் ஊற்றிக்கொண்டிருந்தார்.

செத்துப்போன அந்த நடிகர் எங்களுக்கு எந்த வழியில் சொந்தம் என்று சாப்பிட்டு முடியும்வரை யோசித்துக்கொண்டிருந்தேன்.