பத்திரிகை கம்ப்யூட்டரில் ஒரு பழைய கேம்

இன்று திண்டிவனத்தில் என் பத்திரிகை டிசைன் கடையைத் திறந்ததும் திறக்காததுமாக என் வீட்டுக்காரர் பென்டிரைவோடு வந்து நின்றார். எந்நேரமும் திரையில் கட்டைகளை அடுக்கி வீடு கட்டுவாரே, அதே கேம். பென்டிரைவில் இருப்பது அதன் பழைய வெர்ஷன்களை ஓட்டுகிற லாஞ்சர் புரோகிராமாம்.

"ஸ்டெல்லா, ஜல்தி போட்டுக் குடு. ஆன்டிவைரஸ் கத்திக்கினே இருக்குது. அத ஆஃப் பண்ணிட்டு ஓட்டுன்னு வீடியோவுல சொன்னான்."

இன்று அச்சுக்குப் போக வேண்டிய கண்டாச்சிபுரத்துக் கல்யாணப் பத்திரிகை அந்தக் கம்ப்யூட்டரில்தான் இருக்கிறது.

"கதவத் தொறந்து வெச்சிட்டுத் தூங்குன்னு ஒருத்தன் சொன்னா நம்புவீங்களா?" என்றேன்.

அந்த ஃபைலை அழித்தேன். லாஞ்சரை உருவாக்கியவர்களின் சொந்தத் தளத்திலிருந்து புதிதாக இறக்கினேன். டபுள் கிளிக் செய்தால் ஜிப் ஃபைல் மாதிரி விரிந்தது. அதை ஓட்டத் தேவையான ஜாவா கம்ப்யூட்டரில் இல்லை என்று புரிந்தது. அதையும் அதன் தளத்திலிருந்தே போட்டேன். பிறகு அட்மின் உரிமை இல்லாத தனி யூசர் ஒன்றை உண்டாக்கி, என் ஃபைல்களைத் தொட முடியாதபடி அதற்குள் ஓட்டினேன். ஆன்டிவைரஸ் வாயே திறக்கவில்லை.

யாரையும் கேட்காமல், எல்லாம் நானே. பெருமையாகவே சொல்லிக்கொள்கிறேன்.

மதியம் பத்திரிகையை அச்சுக்கு அனுப்பிவிட்டு, கம்ப்யூட்டரை அவரிடம் விட்டேன். சாப்பிடக் கூப்பிட்டால், மானிட்டரிலிருந்து கண்ணை எடுக்காமல் சொல்கிறார்:

"இந்தப் பழைய வெர்ஷன்ல ஆளுக்குப் பசியே எடுக்காது, தெரியுமா?"

நல்ல வெர்ஷன். மல்லாட்டை, அதாவது வேர்க்கடலைச் சட்னி முழுவதையும் நானே சாப்பிட்டுவிட்டேன். ராத்திரிக்கும் அவரை அதே வெர்ஷனில் விட்டுவிடலாமா, நீங்களே சொல்லுங்கள்.