சுவரில்லாத வீட்டின் வாசக்கால்

எங்கள் வீட்டுக்கு வாசக்கால் மட்டும்தான் வைத்தோம். சுவர் எழும்பவே இல்லை. ஆனாலும் நான் அந்த வீட்டுக்குள் போய் வந்துகொண்டுதான் இருந்தேன். இதை வாய்விட்டுச் சொல்ல எனக்கு வராது. அஞ்சாவதோடு நின்றுபோன படிப்பை வைத்துக்கொண்டு எழுதிப் பார்க்கிறேன்.

ஒரகடம் தாண்டி வாலாஜாபாத் போகிற ரோட்டோரம் என் வீட்டுக்காரர் பங்குக்கு ஒரு மேட்டுநிலம் வந்தது. அதுவரைக்கும் அவர் அண்ணன் குடும்பமும் நாங்களும் ஒரே கூரை வீட்டில் இருந்தோம். நடுவில் ஒரு புடவைதான் மறைப்பு. என் முதல் பிள்ளை அந்தப் புடவைக்கு இந்தப் பக்கம் பிறந்து, பேர் வைக்கும் முன்னே போய்விட்டது. அதற்கப்புறம் வீட்டுக்காரர் தனிவீடு கட்டியே தீருவது என்று நின்றார்.

முழங்கால் உயரத்துக்குக் கடைக்கால் போட்டு மண் நிரப்பினோம். நல்ல நாள் பார்த்து, பூவரச மரத்தில் செய்த வாசக்காலுக்கு மஞ்சள் பூசி, மாவிலை கட்டி நிறுத்தினோம். அந்த வருஷம் மழை இல்லை. அடுத்த வருஷமும் ஏரி வெடித்துக் கிடந்தது. சுவரைப் பற்றிய பேச்சு நின்றுபோனது, நாங்கள் பழைய கூரை வீட்டிலேயே இருந்தோம். வாசக்கால் மட்டும் வெட்டவெளியில் நின்றது.

வாசக்கால் வைத்துவிட்டால் அதுதான் வழி. ஆடும் நாயும் எந்தப் பக்கமும் ஏறும், மனுஷர் அப்படி ஏறக் கூடாது. மண்வெட்டியோடு பின்பக்கமிருந்து வந்தாலும் வீட்டுக்காரர் ஒரு சுற்று சுற்றி வந்து, செருப்பை வெளியே விட்டு, தலை குனிந்து வாசக்கால் வழியாகத்தான் உள்ளே போவார். ரோட்டில் போகிற லாரிக்காரர்கள் பார்த்துச் சிரிப்பார்கள். எங்களுக்கு அதில் சிரிக்க ஒன்றும் தோன்றியதில்லை.

அந்த மண்மேட்டில்தான் வேர்க்கடலை காயவைப்போம். காக்கா விரட்டுவது என் வேலை. ஒரு நாள் மத்தியானம் வாசக்கால் நிழலில் உட்கார்ந்தவள், அசதியில் வாசற்படியிலேயே தலை வைத்துவிட்டேன். வைக்கக் கூடாது என்று தெரியும். கண் சொருகிவிட்டது.

எழுந்து உள்ளே போனேன். வீடு இருந்தது. சுவரைத் தொட்டால் குளுகுளுவென்று இருந்தது, சுண்ணாம்பு வாசனை அடித்தது. ஒரு நடை, அதைத் தாண்டி ஒரு அறை, அதற்குள்ளே இன்னொரு அறை. அங்கே பாயில் ஒரு குழந்தை புரண்டு படுக்கிற சத்தம் கேட்டது. கால் எடுத்து வைத்தேன். விழிப்பு வந்துவிட்டது. எதிரே கடலை, கடலைமேல் காக்கா.

அதற்கப்புறம் மத்தியானம் ஆனால் என் கால் தரையில் நிற்காது. போன நாளெல்லாம் வீடு கிடைத்துவிடாது. கிடைக்கிற நாளில் முன்னைவிடக் கொஞ்சம் வளர்ந்திருக்கும். ஒரு தடவை மாடிப்படி வந்திருந்தது. ஒரு தடவை ஜன்னல். அதில் பார்த்தால் ஏரி தளும்பிக்கொண்டிருந்தது. பிள்ளையும் வளர்ந்தது. ஓடுகிற காலடி கேட்கும், முகம் காட்டாது. எனக்கு அடுத்தடுத்து இரண்டு பெண்கள் பிறந்தார்கள். அவர்களுக்கு அண்ணனாக எவ்வளவு இருக்கவேண்டுமோ, அவ்வளவு பெரிய காலடி.

இங்கே சோறு வடிக்கும்போது அங்கே பிள்ளை எழுந்திருக்குமே என்று இருக்கும். அங்கே போனால் இங்கே சின்னது அழுமே என்று இருக்கும். சோறு குழைந்துபோகும். எந்த இடத்திலும் ஒரு நிமிஷம் உட்கார்ந்தவள் இல்லை.

என் ஓரகத்தி, அதாவது வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி, இதைக் கவனித்துவிட்டாள். தண்ணீர் எடுக்கிற இடத்தில் நாலு பேர் முன்னால், "இன்னாமே, மாடி வூட்டுக்காரி கெளம்பிட்டியா? மழ பேஞ்சா எங்களுக்கும் ஒரு ரூம்பு குடு" என்பாள். நான் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்துவைப்பேன். வீட்டுக்காரர் எதுவும் கேட்டதில்லை.

இப்படியே பல வருஷம் போனது. பிறகு ரோட்டை அகலப்படுத்த வந்தார்கள். அவர்கள் நட்ட கல்லுக்கு உள்ளே எங்கள் வாசக்கால் வந்துவிட்டது. மண் தள்ள வந்த மேஸ்திரி நல்ல மனுஷர். மரத்தை எடுத்துக்கொள்ளுங்கள், அதுவரைக்கும் காத்திருக்கிறேன் என்றார். தூக்குவதற்குக் கைகொடுக்க ஓரகத்தியும் அவள் புருஷனும் வந்திருந்தார்கள். வீட்டுக்காரர் வாசக்காலின் அடியில் கடப்பாரையைப் போட்டார். என் கை போய் அதைப் பிடித்துக்கொண்டது.

"கொஞ்சம் இருங்க. உள்ள புள்ள தூங்கிக்கினு கீது."

மேஸ்திரி எந்தப் பிள்ளை என்று சுற்றுமுற்றும் பார்த்தார். ஓரகத்தி மரத்தைப் பிடித்திருந்த கையை எடுத்துவிட்டாள். செத்த பிள்ளையைக் குளிப்பாட்டிக் கொடுத்தவள் அவள்தான். வீட்டுக்காரர் கடப்பாரையைக் கீழே வைத்தார்.

"அப்ப எழுப்பி இட்டுக்கினு வாமே. நாங்க நிக்கறோம்" என்றார்.

வலது காலை வைத்து உள்ளே போனேன். வெறும் மண், வெயில். உள்ளறை எந்த இடம் என்று எனக்குத் தெரியும். அங்கே போய் நின்றேன். எப்படிக் கூப்பிடுவது? பேரில்லை. எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "கண்ணு, ஏந்துருடா, வூடு மாறப்போறோம்" என்றேன். குரல் எனக்கே சரியாகக் கேட்கவில்லை. கையை நீட்டினேன். இப்போது எவ்வளவு உயரம் இருப்பான் என்று தெரியாமல் கையை ஏற்றியும் இறக்கியும் வைத்துக்கொண்டு நின்றேன். பிறகு அப்படியே நடந்து வாசக்கால் வழியாக வெளியே வந்தேன். ஓரகத்தி ஒதுங்கி வழி விட்டாள். என் பக்கத்தில் இன்னொருவர் நடக்கிற அளவுக்கு ஒதுங்கினாள்.

வாசக்காலைப் பிடுங்கி வண்டியில் ஏற்றினோம். ரோட்டுக்குப் போன நிலத்துக்குக் கிடைத்த பணத்தில் படப்பைப் பக்கம் கட்டிய வீட்டில் அதையே வைத்து, சுற்றிச் சுவரும் எழுப்பினோம். அந்தக் கனவு மறுபடி வரவில்லை. அவன் என்னோடு வந்தானா, கூப்பிட்டது கேட்காமல் அங்கேயே தூங்கிவிட்டானா என்பது இன்றைக்கும் தெரியாது. வாலாஜாபாத் போகிற பஸ் அந்த இடத்தைத் தாண்டும்போது என்னால் உட்கார முடிவதில்லை. எழுந்து நின்றுவிடுவேன். உங்க ஸ்டாப்பிங் இன்னும் வரவில்லை, உட்காரம்மா என்று கண்டக்டர் சொல்வார். தாண்டுகிறவரைக்கும் நின்றுகொண்டுதான் வருகிறேன்.