விதையில் வராத வாசம்

தெருவில் அவளைத் தையல்காரம்மா என்பார்கள். வீட்டில் கொழுந்தனுக்கு அண்ணி, கொழுந்தன் மனைவிக்கு அக்கா. அந்த 'அக்கா'வில் ஒருநாளும் மரியாதை குறைந்ததில்லை. அதுதான் தையல்காரம்மாவை இன்றைக்கும் உள்ளுக்குள் குடைகிறது.

சின்னவள், அதாவது கொழுந்தன் மனைவி, பேங்கில் வேலை பார்த்தாள். கரண்ட் போனாலும் அவளைத்தான் கேட்பார்கள், மாமனாருக்கு மாத்திரை மாறினாலும் அவளைத்தான். தையல்காரம்மாவின் கணவரே, "எதுக்கும் சின்னவகிட்ட ஒரு வார்த்தை கேட்டுக்கோ" என்பார். பெரியவளிடம் எல்லோரும் வந்து நின்றது ஒரே ஒரு விஷயத்துக்குத்தான். அது பின்பக்கச் சுவரோரம் இருந்த டாரகன் செடி, சமையலுக்கு வாசம் சேர்க்கும் வெளிநாட்டு மூலிகை.

ஏப்ரன் தைக்கக் கொடுக்க வந்த ஓட்டல் சமையல்காரர் தந்த வேர்த்துண்டு அது. மெல்லிய நீள இலை. கசக்கினால் சோம்பு மாதிரி வாசம், மென்றால் நாக்கு லேசாக மரத்துப்போகும். "இதுக்குப் பாவம் பாக்காதீங்கம்மா, வெட்டிக்கிட்டே இருங்க" என்றார் அவர். "விட்டா ஒட்டடைக்குச்சியா வளந்து சாஞ்சிடும். விதையை மட்டும் நம்பாதீங்க. கடையில விக்கிறது காட்டு ஜாதி. பாக்க இதே மாதிரி இருக்கும், வாசம் இருக்காது. நல்லது வேணும்னா வேரைப் பிரிச்சுத்தான் நடணும்."

தையலுக்கு ஆகாத பழைய கத்தரிக்கோலைச் செடிக்கென்று ஒதுக்கினாள். முழ உயரம் தாண்ட விடமாட்டாள். இலை கிளம்பும் கணுவுக்குச் சற்று மேலே நுனியை நறுக்குவாள்; அந்த இடத்தில் இரண்டு கிளை வெடிக்கும். மொட்டு தலைகாட்டினால் அன்றோடு அதன் கதை முடிந்தது. அந்த இலை போட்டு அவள் செய்யும் ஆம்லெட்டுக்கு வீடே தட்டோடு நிற்கும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சின்னவள் வந்தாள். "அக்கா, எனக்கும் ஒரு துண்டு வேர் குடுங்களேன். ஜன்னல்ல ஒரு தொட்டி வச்சுக்கறேன்."

இதையுமா என்று இருந்தது பெரியவளுக்கு. "வேரைக் கிளறினா இது தாங்காதுடி. நான் விதை வாங்கித் தர்றேன். ரெண்டும் ஒண்ணுதான்." சொல்லும்போது வாய் கூசவில்லை.

விதை முளைத்தது. இடுப்பு உயரம் வளர்ந்தது. வாசம்தான் இல்லை.

"என்னக்கா இப்படி?"

"இன்னும் வெட்டணும். வெட்ட வெட்டத்தான் வாசம் வரும்."

அவளும் வேலை விட்டு வந்து, கைப்பையைத் தோளில் இருந்து இறக்காமல் கத்தரியோடு நிற்பாள். எரு போட்டாள், தொட்டியை வெயிலுக்கு மாற்றினாள். ஒருநாள் ஆசையாக ஆம்லெட்டும் போட்டாள். அவள் கணவன் ஒரு வாய் மென்றுவிட்டு, "அண்ணி, நாம ஒரு மாடு வாங்கிடலாம். புல்லு வீட்டுலயே விளையுது" என்றான். எல்லோரும் சிரித்தார்கள். பெரியவளும் சிரித்தாள். "சீல் குத்தற கைக்குச் செடி வருமா?" என்று ஒரு வார்த்தை கூடவும் போட்டாள்.

சின்னவளும் சேர்ந்துதான் சிரித்தாள். மறுநாள் அந்தச் செடியைப் பிடுங்கிப் போட்டாள். தோழி தந்த ரோஜாக் கன்றைப் பக்கத்து வீட்டில் கொடுத்துவிட்டாள். மாமனார் புதினா நடச் சொன்னபோது, "நான் தொட வேண்டாம் மாமா, எனக்குக் கைராசி கிடையாது" என்றாள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை, நம்பியே சொன்னாள். மெஷினில் இருந்த பெரியவளுக்குத் தையல் கோணிப்போனது. அப்போதே சொல்லியிருக்கலாம். தன் குட்டு உடைந்துவிடும் என்று வாயை மூடிக்கொண்டாள்.

பிறகு சின்னவளுக்கு வேறு ஊருக்கு மாற்றல் வந்தது. சாமான் ஏற்ற வண்டி வந்த காலையில், பெரியவள் தன் செடியின் வேரைப் பிரித்து, பாதியைத் தொட்டியில் வைத்து எடுத்துவந்தாள்.

"எனக்கெதுக்குக்கா? பாவம், நான் சாகடிச்சுடுவேன்."

"உன் கையில ஒரு குறையும் இல்லடி. அந்த விதைதான் ஆகாத விதை."

"பாக்கெட்ல வர்றது சிலது அப்படித்தான் இருக்கும். அதுக்கு நீங்க என்ன பண்ணுவீங்க?"

அதோடு விட்டிருந்தாலும் யாருக்கும் தெரிந்திருக்காது. "எனக்குத் தெரியும். தெரிஞ்சுதான் வாங்கித் தந்தேன்" என்றாள் பெரியவள்.

பெட்டிக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்த சின்னவள் நிமிர்ந்தாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால் தேவலை. "குடுக்க இஷ்டமில்லைன்னு சொல்லியிருந்தா விட்டிருப்பேனேக்கா" என்றாள். தொட்டியை வாங்கிக்கொண்டு வண்டியில் ஏறினாள்.

இப்போதும் போன் செய்கிறாள். மாமனாரின் மூட்டுவலி, மெஷின் மோட்டார், மழை எல்லாம் விசாரிப்பாள். செடிப் பேச்சு மட்டும் வராது. போன வாரம் கொழுந்தன்தான் சொன்னான்: "தொட்டி கொள்ளாம நிக்குது அண்ணி."

வேர் அப்படி நெருக்கிக்கொண்டால் செடி நடுவிலிருந்து பட்டுப்போகும். பட்டுப்போனால் சின்னவள் மறுபடியும் தன் கையைத்தான் நொந்துகொள்வாள். பெரியவள் தையலை நிறுத்திவிட்டுச் சின்னவளுக்குப் போன் போட்டாள்.

"குளிர் விட்டதும் வேரை வெளிய எடுத்து, கத்தியால ரெண்டாப் பிரிச்சு நடு. பயப்படாம வெட்டு. தழைச்சு வரும்."



"நிஜமாவாக்கா?"

பெரியவள் சொன்ன எதையும் சின்னவள் இப்படித் திருப்பிக் கேட்டதே கிடையாது.

"நிஜம்டி" என்றாள் பெரியவள். எப்படிச் சொன்னால் நம்புவாள் என்று தெரியவில்லை. கொஞ்சம் சத்தமாக, இன்னொரு தரமும் சொன்னாள்.