கமெராவுக்கு முன்னால் அக்கா

அக்கா காஞ்சிபுரம் பட்டு உடுத்திக்கொண்டு அடுப்படியில் நின்ற காலைதான் முதலில் நினைவுக்கு வருகிறது. பிரெஞ்சுத் தலைநகரின் லா சப்பலில் அவள் நடத்தும் சாப்பாட்டுக் கடையை வைத்து ஆவணப்படம் எடுக்க ஒரு துருக்கிப் பெண் இயக்குநர் வந்திருந்தார். எங்கள் சனத்துக்குக் கமெரா என்றால் கலியாண வீடும், பெண் பிள்ளை பெரியவளானால் செய்யும் சாமத்திய வீடும்தான். அந்த வீடியோக்களை எடுத்துத்தான் நான் பிழைக்கிறேன். "இஞ்சை பாருங்கோ, சிரியுங்கோ" என்று கத்திக் கத்தித் தொண்டை போய்விட்டது, தோளும் போய்க்கொண்டிருக்கிறது. அக்காவும் அந்தப் பழக்கத்தில் பூ வைத்து, கமெராவைப் பார்த்துச் சிரித்தபடி அசையாமல் நின்றாள். ரொட்டிக் கல் சும்மா காய்ந்துகொண்டிருந்தது.

அவளுக்கு அந்தப் படம் தேவைப்பட்டது. ஊரிலிருக்கும் அம்மாவுக்கு விசா கிடைக்கவேயில்லை. ஞாயிறுதோறும் தொலைபேசியில் "நல்லாயிருக்கிறன் அம்மா" என்பாள். அதை அம்மா ஒருதரம் கண்ணால் பார்க்கட்டும் என்பது அவள் ஆசை.

இயக்குநர் கமெராவை ஒரு மூலையில் நிறுத்திவிட்டு, அரிசி மூட்டையில் உட்கார்ந்து தேநீர் குடித்தார். மொழிபெயர்க்க வந்த எனக்கு மொழிபெயர்க்க ஒன்றுமில்லை. ஏதாவது கேளுங்கள் என்று பொறுமை இழந்து சொன்னேன். "உன் அக்கா முதலில் சிரித்துக் களைக்கட்டும். பிறகு உன் உண்மையான அக்கா வருவார்" என்றார், என்னுடையதைவிட மோசமான பிரெஞ்சில். எனக்குச் சினம்தான் வந்தது. ஆனால் அவர் நாள் தவறாமல் வந்தார். பட்டு போய்ப் பழைய ஸ்வெட்டர் வந்தது. கமெரா அங்கே இருப்பதையே அக்கா மறந்துபோனாள்.

அக்கா சம்மதிக்காமல் யாருக்கும் காட்டமாட்டேன் என்று சொல்லியிருந்த இயக்குநர், ஒருநாள் மத்தியானக் கூட்டம் கலைந்த பிறகு கடையிலேயே படத்தைப் போட்டுக் காட்டினார். இசையில்லை, விளக்கமில்லை. கண்ணாடியில் ஆவி படிகிறது. வெளியே மேம்பாலத்தில் மெத்ரோ ரயில் போகிறது. வெங்காயம் அரிந்து முடித்த அக்கா ஒரு பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு உட்காருகிறாள். கைகளை மடியில் போட்டு எதையோ பார்க்கிறாள். நானென்றால் கலியாண வீடியோவில் செய்வதுபோல அந்த இடத்தில் ஒரு ரோசாப்பூவை விரியவிட்டு அடுத்த காட்சிக்குப் போயிருப்பேன். இயக்குநர் போகவில்லை. அவ்வளவு களைத்த முகத்தை அக்காவிடம் நான் கண்டதேயில்லை. எனக்குத் தாங்கவில்லை.

"அக்கா, இதை வெட்டச் சொல்லுவம். அம்மா கண்டா உடைஞ்சு போவா."

அக்கா திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "வேண்டாம் தம்பி. நல்லாயிருக்கிறன் எண்டு சொல்லிச் சொல்லி எனக்கு அலுத்துப் போச்சு. அப்பிடியே அனுப்பு" என்றாள்.

படம் போய்ச் சேர்ந்த ஞாயிறு அம்மாவே தொலைபேசி எடுத்தா. அக்கா பழக்க தோசத்தில், "நல்லாயிருக்கிறன்..." என்று தொடங்கினாள்.

"நான் பாத்தனான் பிள்ளை. ஒண்டும் சொல்லாதை. போனை வைக்காமல் கொஞ்சம் இரு."

அக்கா இருந்தாள். அந்தப் பக்கம் அம்மாவும் போனை வைக்கவில்லை. எனக்கு ஆர்ஜொந்தெய் புறநகரில் ஒரு கலியாண வீடியோ எடுக்க இருந்தது, ரயிலுக்கு நேரமாகியிருந்தது. நான் போகவில்லை.