எரிந்த கம்பிகள்

தொண்ணூற்றொன்றில் தண்டலத்துக்குப் பக்கத்தில், நெடுஞ்சாலையோரக் காயலாங்கடை ஒன்றில் எடை போட்டுக்கொண்டிருந்தேன். ஒரு மதியம் ஒல்லியான பெரியவர் ஒருவர் வந்தார். வெள்ளைச் சட்டை, தடித்த கண்ணாடி. பேசும் முன் ஒவ்வொரு முறையும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

ஒரு ஆராய்ச்சி நிலையம் ஏலம் விட்ட பழைய கம்ப்யூட்டர் எங்கள் கடைக்கு வந்ததா என்று விசாரித்தார். இளம் வயதில் நண்பர்களோடு சேர்ந்து அவர் உருவாக்கியதாம். நாட்டில் அந்தக் காலத்தில் கம்ப்யூட்டரைக் கண்ணால் பார்த்தவர்களே குறைவு.

"அதுவா? செம்புக்காக எரிச்சிட்டோம் சார். வெறும் கூடுதான் கீது," என்றார் முதலாளி.

பெரியவர் கண்ணாடியைத் துடைத்தார். "முடி மாதிரி கம்பி. குட்டிக் குட்டி வளையத்துல ஒவ்வொண்ணா கையால கோத்தோம். முதல் தடவை அது சரியா கணக்குப் போட்டப்ப எல்லாரும் அழுதுட்டோம்."

அந்தக் கம்பிகளைக் கோத்திருந்த சிறு சட்டம் ஒன்று சாம்பலில் கிடந்தது. அதை எடுத்து நீட்டினேன். "எடுத்துக்கினு போங்க சார்."

அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு என் கையிலேயே வைத்தார். "யாருகிட்ட காட்டுறதுப்பா? கூட இருந்தவங்க யாருமே இப்ப இல்ல."

அவர் கிளம்பியபோது பஸ் நிற்கும் பக்கம் கை காட்டினேன். தலையாட்டிவிட்டு எதிர்ப்பக்கமாக நடந்தார். அந்த வெயிலில் எங்கே போனாரோ, இன்றுவரை தெரியாது.